கர்ப்பிணிக்கான உணவுப் பக்கத்தை மாமியார்களுக்கும் எழுதுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

இரண்டு வாரம் முன்பு ஞாயிற்றுக்கிழமை இணைப்பில், கர்ப்பிணிகள் என்ன சாப்பிட வேண்டும் என்று ஒரு முழுப் பக்கம் போட்டிருந்தீர்கள். கத்தரித்து வைத்திருக்கிறேன், இப்போதும் மேசை மேல்தான் இருக்கிறது. படத்தில் அவகேடோ, புளூபெர்ரி, சால்மன் மீன், ஒரு கிண்ணம் பாதாம். எழுதியிருக்கிற விஷயத்தில் பெரிய தப்பு எதுவும் இல்லை. ஆனால் ஆரம்பத்திலிருந்து கடைசி வரை 'தினமும் இதை எடுத்துக்கொள்ளுங்கள், அதைச் சேர்த்துக்கொள்ளுங்கள்' என்று அந்தப் பெண்ணைப் பார்த்தே பேசுகிறது. கோவில்பட்டிப் பக்கம் எங்கள் ஊரில், மாமனார் மாமியாரோடு இருக்கிற இருபத்து மூன்று வயதுப் பெண் எதை எடுத்துக்கொள்வாள், எங்கிருந்து எடுத்துக்கொள்வாள்? சந்தையில் என்ன வாங்குவது, அடுப்பில் என்ன வேக வேண்டும், முதலில் யாருக்குத் தட்டு வைப்பது என்பதையெல்லாம் முடிவு செய்வது மாமியார். அதாவது என்னைப் போன்றவர்கள். எங்களைப் பார்த்து ஒரு வரிகூட அந்தப் பக்கத்தில் இல்லை.

அதனால்தான் எழுதுகிறேன். கொஞ்சம் நீளமாகத்தான் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நான் ஓய்வு பெற்ற பள்ளி ஆசிரியை. அறிவியல் பாடம். கீரையில் இரும்பு, பாலில் கால்சியம், நெல்லிக்காயில் வைட்டமின் சி என்று முப்பது வருஷம் கரும்பலகையில் எழுதிப் போட்டவள். என் மருமகள் போன வருஷம் உண்டானாள். மூன்றாம் மாதமே ஆரம்ப சுகாதார நிலையத்தில் பதிந்து, பிக்மி எண் (கர்ப்பிணியைப் பதிந்து அரசு கொடுக்கிற எண்) வாங்கி, எல்லாம் ஒழுங்காகத்தான் செய்தோம். ஐந்தாம் மாதம் ரத்தப் பரிசோதனையில் ஹீமோகுளோபின் 8.6 என்று வந்தது. கர்ப்பிணிக்கு 11க்குக் கீழே போனாலே ரத்தசோகை, 7க்கும் கீழே என்றால் ஆபத்தான கட்டம். எங்கள் பிள்ளை நடுவில் நின்றது. நர்சம்மா (கிராம சுகாதார செவிலியரை எங்கள் ஊரில் இன்னும் அப்படித்தான் கூப்பிடுகிறோம்) சீட்டைப் பார்த்துவிட்டு என்னைப் பார்த்தார். "டீச்சர், உங்க வீட்லயுமா?" என்றார். வேறு ஒன்றும் சொல்லவில்லை. எனக்கு ராத்திரி தூக்கம் வரவில்லை.

மாத்திரைதான் கொடுத்தார்களே, அது என்ன ஆச்சு என்று மறுநாள் கேட்டேன். முதலில் பேசாமல் நின்றாள். அப்புறம் அரிசி டிரம்முக்குப் பின்னால் இருந்த துணிப்பையை எடுத்து வந்து என் கையில் கொடுத்தாள். சிவப்பு மாத்திரை அட்டைகள். ஒரு அட்டையில் பத்தோ பதினொன்றோ காலியாக இருந்தது, மற்றதெல்லாம் பிரிக்கவே இல்லை. "முழுங்கினா கொமட்டுது அத்தை, வெளிக்கிப் போனா கறுப்பாப் போகுது, பயமா இருந்துச்சு, உங்ககிட்ட எப்படிச் சொல்றதுன்னு தெரியல" என்றாள். இரும்பு மாத்திரை போட்டால் மலம் கறுப்பாகத்தான் போகும், அதில் ஒரு கெடுதலும் இல்லை. இந்த ஒரு வரியை முன்கூட்டியே அவளிடம் யாராவது சொல்லியிருக்க வேண்டும். ஒரே வீட்டில் இருந்துகொண்டு நான் சொல்லவில்லை.

அதைவிட எனக்கு வலித்தது இன்னொன்று. விழுங்கிய அந்தப் பத்து மாத்திரையையும் காலையில் டீயோடு விழுங்கியிருக்கிறாள். அந்த டீயைப் போட்டுக் கையில் கொடுத்து, "மாத்திரையையும் சேத்துப் போட்டுக்கோம்மா" என்று சொன்னவள் நான்தான். டீயில் இருக்கிற டானின் இரும்பைப் பிடித்து வைத்துக்கொள்ளும், குடலால் அதை உறிஞ்ச முடியாது. சாப்பாட்டோடு டீ குடித்தால் அந்தச் சாப்பாட்டிலிருந்து கிடைக்க வேண்டிய இரும்பில் பாதிக்கு மேல்கூட வீணாகலாம். இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் (ஐசிஎம்ஆர்) 2024இல் வெளியிட்ட உணவு வழிகாட்டியிலும், சாப்பாட்டுக்கு ஒரு மணி நேரம் முன்பும் பின்பும் டீ, காபி வேண்டாம் என்றுதான் இருக்கிறது. கால்சியம் மாத்திரையும் அப்படித்தான், இரும்போடு சேர்த்துப் போட்டால் இரும்பை உள்ளே விடாது. ஆனால் மருந்தகத்தில் இரண்டையும் ஒரே கவரில் போட்டுக் கொடுக்கிறார்கள், வீட்டில் இரண்டையும் ஒரே கையில் வைத்து ஒரே மடக்கில் விழுங்குகிறார்கள்.

சரி, இதனால் எத்தனை பேருக்கு என்ன ஆகிவிடப் போகிறது என்று நினைக்க வேண்டாம். 2019-21 தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்புப்படி தமிழ்நாட்டுக் கர்ப்பிணிகளில் 48.3 சதவீதம் பேருக்கு ரத்தசோகை. அதற்கு முந்தைய 2015-16 கணக்கெடுப்பில் 44.4 இருந்தது. குறைய வேண்டியது கூடியிருக்கிறது. மாத்திரை இலவசம், பரிசோதனை இலவசம், மாதாமாதம் செவிலியர் வந்து பார்க்கிற மாநிலம் இது. முத்துலெட்சுமி ரெட்டி பெயரில் இருக்கிற மகப்பேறு நிதியுதவித் திட்டத்தில் 2018லிருந்து 18,000 ரூபாய், அதில் 4,000 ரூபாய் இரண்டு ஊட்டச்சத்துப் பெட்டகமாகவே வருகிறது. பேரீச்சம்பழம், ஆவின் நெய், சத்துமாவு, இரும்புச்சத்து டானிக் எல்லாம் வீட்டு வாசல் வரைக்கும் வந்துவிடுகிறது. வாசலிலிருந்து அந்தப் பெண்ணின் வயிற்றுக்குப் போகிற பத்தடி தூரத்தில்தான் எல்லாம் நின்றுபோகிறது, அந்தப் பத்தடியில் நிற்பது நாங்கள்.

எங்கள் வீட்டுக்கு வந்த முதல் பெட்டகம் என்ன ஆனது என்று மறைக்காமல் சொல்கிறேன். சத்துமாவை என் பேரப்பிள்ளைகள் (மகளின் பிள்ளைகள், லீவுக்கு வந்திருந்தார்கள்) கரைத்துக் குடித்தார்கள். பேரீச்சம்பழத்தை வந்தவர் போனவர் எல்லாம் ஆளுக்கு நாலு எடுத்தோம். நெய் எல்லார் சோற்றிலும் விழுந்தது. யாரும் கெட்ட எண்ணத்தில் செய்யவில்லை. வீட்டுக்கு வந்த பண்டத்தை ஒருத்தி மட்டும் தனியாக உட்கார்ந்து சாப்பிடுவது நம் பழக்கத்தில் இல்லை, அவளே எடுத்துப் பரிமாறவும் செய்தாள். இரண்டாவது பெட்டகம் வந்தபோது அதை அப்படியே அவள் அறை அலமாரியில் வைத்துச் சாவியைக் கையில் கொடுத்தேன். வாங்கத் தயங்கினாள். "இது உனக்கில்ல, உள்ள இருக்கிறதுக்கு" என்று சொன்ன பிறகுதான் வாங்கினாள்.

கர்ப்பிணியின் உடம்பில் நடக்கிற கணக்கு பெரியது. பிள்ளைக்காக ரத்தத்தின் அளவே கிட்டத்தட்ட பாதி மடங்கு கூடுகிறது. பத்து மாதத்துக்கும் சேர்த்துச் சுமார் 1,000 மில்லிகிராம் இரும்பு தேவைப்படும், அதில் 300 பிள்ளைக்கும் நச்சுக்கொடிக்கும் போகிறது, ஏறக்குறைய 500 தாயின் ரத்தம் பெருகுவதற்கு, மீதி அன்றாடம் கழிந்துபோவது. முருங்கைக்கீரை 100 கிராமில் இருப்பது ஏறக்குறைய நாலரை மில்லிகிராம், அதிலும் உடம்பு எடுத்துக்கொள்வது கொஞ்சம்தான். அதனால் 'சாப்பாட்டுலயே சரி பண்ணிடலாம், மாத்திரை எதுக்கு, சூடு' என்று சொல்கிற பெரியவர்களிடம் நான் இப்போது சண்டைக்கே போகிறேன். மாத்திரை ஒன்றில் 60 மில்லிகிராம் இரும்பு இருக்கிறது, கூடவே 500 மைக்ரோகிராம் போலிக் அமிலம். நாலாம் மாதத்திலிருந்து 180 நாள் தினம் ஒன்று. ரத்தசோகை இருந்தால் இரண்டு. அதற்கும் ஏறவில்லை என்றால் அயர்ன் சுக்ரோஸ் என்ற இரும்பு மருந்தை நரம்பு வழியாகச் சொட்டுச் சொட்டாக ஏற்றுகிறார்கள்.

போலிக் அமிலம் பற்றி ஒன்று சொல்ல வேண்டும், இது பாடம் நடத்துகிற காலத்திலேயே எனக்குப் பிடித்த விஷயம். 1928இல் லூசி வில்ஸ் என்ற இங்கிலாந்து மருத்துவர் பம்பாய்க்கு வந்து, அங்கே கர்ப்பிணிகளுக்கு வந்த ஒரு விதமான கடும் ரத்தசோகையை ஆராய்ந்தார். அந்தப் பெண்கள் என்ன சாப்பிடுகிறார்கள் என்று பார்த்து, அதே சாப்பாட்டை எலிகளுக்குப் போட்டார், எலிகளுக்கும் ரத்தசோகை வந்தது. ஈஸ்ட் சாறு கொடுத்ததும் சரியானது. அதில் இருந்த பொருளைத்தான் பிற்பாடு போலிக் அமிலம் என்று கண்டுபிடித்தார்கள். அவர் நம் குன்னூர் பாஸ்டர் நிறுவனத்திலும் கொஞ்ச காலம் வேலை செய்திருக்கிறார். கருத்தரித்த முதல் 28 நாளுக்குள் பிள்ளையின் தண்டுவடம் மூடிக்கொள்ள வேண்டும், அதற்கு இந்தச் சத்துதான் வேண்டும். 28 நாளில் பல பெண்களுக்கு நாள் தள்ளிப்போனதே தெரியாது. ஆகவே கல்யாணமாகிப் பிள்ளைக்கு எதிர்பார்க்கிற காலத்திலேயே போலிக் அமில மாத்திரையை ஆரம்பிக்க வேண்டும் என்பதை மாமியார்தான் முதலில் தெரிந்து வைத்திருக்க வேண்டும். 'ஏதும் விசேஷம் உண்டா' என்று மாதாமாதம் கேட்கத் தெரிகிற நமக்கு இதையும் கேட்கத் தெரிய வேண்டும்.

அப்புறம் எங்கள் வீட்டில் என்ன மாற்றினோம் என்று சொல்கிறேன். மருத்துவர் சொன்னபடி காலை இட்லியோடு ஒரு கால்சியம். பதினொரு மணிக்கு ஒரு இரும்பு மாத்திரை, அதோடு அரை எலுமிச்சம்பழம் பிழிந்த தண்ணீர் அல்லது ஒரு பெரிய நெல்லிக்காய். ராத்திரிச் சாப்பாட்டை ஏழு மணிக்கே முடித்து அதோடு இன்னொரு கால்சியம், படுக்கும்போது இரண்டாவது இரும்பு மாத்திரை. ராத்திரி போடுவதில் குமட்டல் தெரியாமல் தூங்கிவிடுகிறாள், அது பெரிய ஆறுதல். என் மகனிடம் ஒரு வேலை கொடுத்தேன். ஹாலில் தொங்குகிற தினசரிக் காலண்டரில், அன்றைய தாளில் நாலு கோடு போட்டுவிட்டுத்தான் அவன் படுக்கப் போக வேண்டும். நாலு கோடு இல்லாத தாளைக் கிழிக்கக் கூடாது. இதுவரைக்கும் பெண்டாட்டி என்ன மாத்திரை போடுகிறாள் என்றே தெரியாமல் இருந்தவன், ஒரு மாதத்தில் அட்டை தீரப்போகிறது என்று அவனே சொல்ல ஆரம்பித்தான்.

சாப்பாட்டு விஷயத்தில், உங்கள் பக்கத்தில் போட்ட எதையும் நாங்கள் வாங்கவில்லை. வாங்கத் தேவையும் இல்லை. கேழ்வரகு 100 கிராமில் கால்சியம் 360 மில்லிகிராம் வரை இருக்கிறது, பாலைப் போல மூன்று மடங்கு. கொல்லையில் நிற்கிற முருங்கைக்கீரையில் 300க்கு மேல். வாரத்தில் நாலு நாள் கேழ்வரகுக் கூழோ அடையோ, அடையில் முருங்கைக்கீரை போட்டு. தூத்துக்குடியிலிருந்து வருகிற சாளையும் நெத்திலியும் வாரம் இரண்டு முறை, முள்ளோடு மென்று சாப்பிடுகிற சின்ன மீனில் கால்சியமும் உண்டு, பிள்ளையின் மூளைக்கு வேண்டிய கொழுப்பும் உண்டு. சுறா மாதிரிப் பெரிய மீன்களில் பாதரசம் சேர்ந்திருக்கும், அதைக் கர்ப்ப காலத்தில் தவிர்ப்பது நல்லது. ஆட்டுச் சுவரொட்டி (மண்ணீரல்) எங்கள் பாட்டிமார் காலத்திலிருந்தே ரத்தம் ஊறக் கொடுப்பது, அது உண்மையிலேயே இரும்பு நிறைந்த பண்டம், நன்றாக வேக வைக்க வேண்டும், அவ்வளவுதான். ஈரலில் வைட்டமின் ஏ மிக அதிகம் என்பதால் முதல் மூன்று மாதத்தில் அது வேண்டாம் என்று மருத்துவர் சொன்னார். கோவில்பட்டியில் இருந்துகொண்டு கடலைமிட்டாய்க்குப் பஞ்சமா, சாயங்காலம் பசிக்கும்போது பிஸ்கட்டுக்குப் பதில் அது.

பீட்ரூட்டும் மாதுளையும் சிவப்பாக இருக்கிறது, அதனால் ரத்தம் ஊறும் என்று நம்பிப் பாவப்பட்ட வீட்டில்கூட மாதுளை வாங்குகிறார்கள். 100 கிராம் பீட்ரூட்டில் இரும்பு ஒரு மில்லிகிராம்கூட இல்லை, மாதுளையில் அதைவிடக் குறைவு. சாப்பிடட்டும், நல்லதுதான். ஆனால் ரத்தத்துக்கு அதை நம்பி மாத்திரையை விட்டுவிட வேண்டாம். குங்குமப்பூ சமாச்சாரம் இன்னும் மோசம். ஒரு கிராம் வாங்குகிற காசில் ஒரு மாதத்துக்குத் தினம் ஒரு முட்டை கொடுக்கலாம். பிள்ளையின் நிறத்துக்கும் குங்குமப்பூவுக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது, கறுப்பாய்ப் பிறந்தால்தான் என்ன குறைந்துவிடப் போகிறது?

முட்டை என்றதும் ஞாபகம் வருகிறது. என் வீட்டுக்காரர் பதினெட்டு வருஷத்துக்கு மேலாக மாலை போட்டு மலைக்குப் போகிறவர். கார்த்திகை பிறந்தால் வீட்டில் முட்டை, மீன் எதுவும் ஏறாது, பாத்திரமே வேறு. மருமகளுக்கு அப்போது ஏழாம் மாதம். ஹீமோகுளோபின் கொஞ்சம் ஏறத் தொடங்கியிருந்த நேரம், 41 நாளும் முட்டையில்லாமல் போனால் என்ன செய்வது என்று எனக்குக் கவலை, அவரிடம் கேட்கவும் பயம். கடைசியில் நர்சம்மாவே வந்து பேச்சோடு பேச்சாக அவர் காதில் போட்டார். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "வாயும் வயிறுமா இருக்கிற பிள்ளைக்கு என்ன விரதம். பக்கத்து வீட்ல அவிச்சுக் குடுக்கச் சொல்லு. ஐயப்பன்கிட்ட நான் பேசிக்கிறேன்" என்றார். பக்கத்து வீட்டு அக்கா அந்த 41 நாளும் காலை பத்து மணிக்கு இரண்டு முட்டை அவித்து, உரித்து, மிளகுத்தூள் போட்டு, கிண்ணத்தில் வைத்துச் சுவர் வழியாக நீட்டுவார். மருமகள் அங்கேயே நின்று சாப்பிட்டுவிட்டுக் கிண்ணத்தைத் திருப்பிக் கொடுப்பாள். புரட்டாசி, கார்த்திகை, மார்கழி, செவ்வாய், வெள்ளி, கிருத்திகை, அமாவாசை என்று கழித்துக்கொண்டே போனால் ஒரு கர்ப்பிணிக்கு முட்டையோ மீனோ கிடைக்கிற நாள் எத்தனை மிஞ்சும் என்று ஒவ்வொரு வீட்டிலும் எண்ணிப் பார்க்க வேண்டும். சுத்த சைவ வீடுகளில் பால், தயிர், பயறு, கடலை எல்லாம் இன்னும் கவனமாகச் சேர்க்க வேண்டும், பி12 வைட்டமினுக்கு அவர்களுக்குப் பாலும் தயிரும் விட்டால் வேறு வழியில்லை, மாத்திரை தேவையா என்று மருத்துவரிடம் கேட்க வேண்டும்.

உப்பைப் பற்றி எங்கள் பகுதிக்காரர்களுக்கு ஒரு வார்த்தை. தூத்துக்குடி பக்கத்தில் இருப்பதால் உப்பளத்துக் கல்லுப்பை மூட்டையாக வாங்கிப் பானையில் போட்டு வைப்பது வழக்கம். ருசியும் அதுதான். ஆனால் அதில் அயோடின் சேர்த்திருக்க மாட்டார்கள். வயிற்றில் இருக்கிற பிள்ளையின் மூளை வளர்ச்சிக்கு அயோடின் அத்தனை முக்கியம். அயோடின் உப்புப் பாக்கெட்டை வாங்கி மூடி வைத்து, குழம்பு இறக்குகிற நேரத்தில் போட்டால் போதும். ஊறுகாய்க்குக் கல்லுப்பு இருக்கட்டும்.

இன்னொரு பயத்தையும் சொல்லியாக வேண்டும். எங்கள் ஊரில் எட்டாம் மாதம் ஆனதும் 'நெறையச் சாப்பிடாத, பிள்ளை பெருத்துட்டா ஆபரேஷன்தான்' என்று பயமுறுத்துவார்கள். என்னையும் என் அத்தை அப்படித்தான் அரை வயிற்றில் வைத்திருந்தார்கள், என் மூத்த பிள்ளை இரண்டு கிலோதான் இருந்தான். இரண்டரைக்குக் கீழே பிறக்கிற பிள்ளைகளுக்கு எத்தனை தொந்தரவு என்று அப்போது யாருக்கும் தெரியவில்லை. இதற்கு நேர்மாறாக இன்னொரு வீட்டில் 'ரெண்டு உசுருக்குச் சேத்துச் சாப்பிடு' என்று சோற்றை மலையாகக் குவிப்பார்கள். இரண்டும் வேண்டாம். நாலாம் மாதத்துக்கு மேல் கூடுதலாகத் தேவைப்படுவது ஒரு நாளைக்கு 350 கலோரிதான். ஒரு முட்டை, ஒரு டம்ளர் பால், ஒரு கடலைமிட்டாய், கணக்கு முடிந்துவிட்டது. அதற்கு மேல் வெறும் வெள்ளைச் சோறும் இனிப்பும் ஏற்றினால் கர்ப்பகாலச் சர்க்கரை வந்து நிற்கும். சென்னை மருத்துவர் வீ. சேஷையாவின் ஆய்வில் நகரத்துக் கர்ப்பிணிகளில் 17.8 சதவீதம் பேருக்கும், கிராமத்தில் 9.9 சதவீதம் பேருக்கும் சர்க்கரை இருந்தது. அவர் போன்றவர்கள் பாடுபட்டதால்தான் 75 கிராம் குளுக்கோஸ் கரைத்துக் குடித்து இரண்டு மணி நேரம் கழித்து ரத்தம் எடுக்கிற பரிசோதனை நம் ஆரம்ப சுகாதார நிலையங்களில் எல்லாருக்கும் நடக்கிறது. 140ஓ அதற்கு மேலோ வந்தால் சர்க்கரை. அந்த இரண்டு மணி நேரம் பெஞ்சில் உட்கார மனமில்லாமல் 'வீட்ல வேலை கெடக்கு' என்று மருமகளைக் கூட்டிக்கொண்டு திரும்பி வந்த மாமியார்களை எனக்குத் தெரியும்.

மண், சாம்பல், பச்சரிசி தின்கிற ஆசையை மசக்கை என்று சிரித்துவிட்டு விடாதீர்கள். கருவுற்ற பெண்கள் மண் தின்பது சங்கப் பாட்டிலேயே வருகிறது, அவ்வளவு பழைய விஷயம். ஆனால் பல நேரம் அது இரும்பு குறைந்திருக்கிறது என்று உடம்பு காட்டுகிற அடையாளம். என் மருமகள் பச்சரிசியை முந்தானையில் முடிந்து வைத்துக்கொண்டு மென்றாள், நானும் மசக்கை என்றுதான் நினைத்தேன். அதைச் செவிலியரிடம் நான் சொல்லியிருந்தால் இரண்டு மாதம் முன்பே கண்டுபிடித்திருக்கலாம்.

எட்டாம் மாதம் முடிகிற சமயம் பார்த்தபோது மருமகளின் ஹீமோகுளோபின் 10.4 வந்தது. தை மாதம் வளைகாப்பு முடிந்து தாய் வீட்டுக்குப் போனாள், மாசியில் சுகப் பிரசவம், பெண் குழந்தை, 2 கிலோ 800.

இங்கே நிறுத்தியிருக்கலாம். ஆனால் பிரசவத்தோடு எல்லாம் முடிந்தது என்று நினைத்தது நான் செய்த அடுத்த தப்பு. பத்தாம் நாள் பிள்ளையைப் பார்க்கப் போனேன். என் சம்பந்தியம்மா நல்ல மனுஷி, மகளை உள்ளங்கையில் வைத்துத் தாங்குகிறவர். பத்தியம் என்று பூண்டுக் குழம்பு, ரசம், சுட்ட அப்பளம். கீரை குளிர்ச்சி, பழம் சளி பிடிக்கும், தண்ணீர் குடித்தால் வயிறு பெருக்கும். மருமகள் உதடு காய்ந்து கிடந்தது. மாத்திரை எங்கே என்று கேட்டால் எங்கள் வீட்டு அலமாரியிலேயே இருக்கிறது, பிள்ளைதான் பிறந்தாச்சே என்று யாரும் எடுத்துப் போகவில்லை. பிரசவத்துக்குப் பிறகும் 180 நாள் இரும்பு மாத்திரை தொடர வேண்டும். பால் கொடுக்கிற முதல் ஆறு மாதம் ஒரு நாளைக்கு 600 கலோரி கூடுதலாக வேண்டும், வயிற்றில் சுமந்தபோது தேவைப்பட்டதைவிட அதிகம். அப்போதுதான் நாம் பத்தியம் என்று தட்டைக் காலி செய்கிறோம். சம்பந்தியம்மாவிடம் சண்டை போடவில்லை. பூண்டும் பிரசவ லேகியமும் கருவாடும் நன்றாகத்தான் இருக்கிறது, அதோடு முருங்கைக்கீரையும் சேரட்டும், தாகத்துக்குத் தண்ணீர் குடிக்கட்டும் என்று பக்கத்தில் உட்கார்ந்து பேசினேன். முதலில் முகம் கொடுக்கவில்லை. ஊர் செவிலியரும் வந்து அதையே சொன்ன பிறகு சரி என்றார். மறுநாள் நானே பஸ் ஏறி மாத்திரையைக் கொண்டுபோய்க் கொடுத்தேன்.

ஆசிரியரிடம் நான் கேட்பது இதுதான். அடுத்த முறை கர்ப்பிணி உணவு பற்றிப் போடும்போது மாமியாரையும், அம்மாவையும், கணவனையும் கூப்பிட்டுச் சொல்லுங்கள். 'உங்கள் மருமகளுக்கு முதல் தட்டு வையுங்கள்' என்று எழுதுங்கள், 'உங்கள் மனைவி இன்று மாத்திரை போட்டாளா' என்று கேளுங்கள். அவகேடோ படத்துக்குப் பதில் முருங்கைக்கீரை, கேழ்வரகு, சாளை மீன் படம் போடுங்கள். ஞாயிறு இணைப்பைப் பல வீடுகளில் நாங்கள் புரட்டுவதில்லை, கண்ணாடியை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தால் முதலில் தேடுவது ராசிபலன்தான். அதற்குப் பக்கத்தில் வாரம் ஒரு சின்னக் கட்டம், பெரிய எழுத்தில், நாலே வரி போதும். என் வயதுக்காரர்கள் கட்டாயம் வாசிப்பார்கள், வாசித்ததைப் பக்கத்து வீட்டிலும் சொல்வார்கள்.

முதல் வாரம் எதைப் போடுவது என்று கேட்டால், டீயையும் சிவப்பு மாத்திரையையும் பற்றிப் போடுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற அறிவியல் ஆசிரியை,
கோவில்பட்டி வட்டம்